மச்சாளின் சைவ நாய்

குறிகட்டுவான் இறங்குதுறையில் ஓட்டோவை நிழல் பார்த்து விட்டுவிட்டுக் காத்துக்கொண்டு நிற்கிறேன். ஆனி மாதத்துச் சோளகக் காற்று கண்ணைத் திறக்க விடவில்லை. நயினாதீவிலிருந்து வந்த வள்ளம் கரையில் இடித்து நின்றதும், ஏறப்போகிறவர்கள் முண்டியடிக்கிறார்கள். அம்மன் கோயில் திருவிழாவுக்குக் கொடியேறியிருந்த நாட்கள். நாடே நயினாதீவுக்குப் போய்க்கொண்டிருக்க, ஒரேயொரு மனுசி அந்தச் சனத்தை விலக்கிக்கொண்டு எதிர்த்திசையில் வருகிறார். இடுப்பில் ஒரு பனையோலைக் கடகம். அதைச் சேலைத் தலைப்பால் மூடியிருக்கிறார்.

அவர் பரமேஸ்வரி. என் மனைவி செல்வியின் மூத்த அக்கா. முறைக்கு எனக்கு மச்சாள். என்னைவிட மூப்பு என்பதால் நேரில் அக்கா என்றுதான் கூப்பிடுவேன்.

வள்ளத்தால் இறங்கும்போதே "கனநேரமோ நிக்கிறீர் தம்பி?" என்று கேட்கிற ஆள், அன்று ஒன்றும் கேட்கவில்லை. கடகத்தைப் பின் சீற்றில் வைத்து, தானும் ஏறி, தலைப்பை ஒரு விரலால் விலக்கிக் காட்டினார். உள்ளே மஞ்சள் சட்டை போட்ட ஒரு சின்ன வெள்ளை நாய் சுருண்டு கிடந்தது. கண் திறந்திருந்தது. வால் ஆடவில்லை.

"விடியத் துவங்கி ஒரே சத்தி, திண்டதெல்லாம் வெளியிலை. இப்ப தண்ணியும் குடிக்கிறானில்லை. கெதியாய் விடும் தம்பி."

வாழ்நாள் முழுக்கக் காரைநகர் பஸ் ஓட்டியவன் நான். பிள்ளைத்தாய்ச்சியையும் பாம்பு கடித்தவனையும் ஏற்றிக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடியிருக்கிறேன். ஒரு நாய்க்காகப் பண்ணைப் பாலத்தில் அப்படி ஓட்டோவை விரட்டியது அன்றுதான்.

நாய்க்கு வந்த வாழ்வு

போன கிழமைப் பத்தியில், பொன்னாலைப் பாலத்தில் பஸ் பழுதாகி நின்ற கதையை எழுதியிருந்தேன். அதை வாசித்துவிட்டுச் செல்வி சொன்னாள்: "பஸ்ஸைப் பற்றியே எழுதிக்கொண்டிருங்கோ. என்ர அக்காவைப் பற்றி எழுத மட்டும் உங்களுக்குக் கை வராது."

கை வராமல் இல்லை. அக்காவை எழுதினால் நாயையும் எழுதவேண்டும். நாயை எழுதினால் சனம் சிரிக்கும். அதுதான் தயக்கம். சிரிக்கிறவர்கள் தாராளமாகச் சிரியுங்கள். நானும் முதலில் வயிறு நோகச் சிரித்தவன்தான்.

எங்கள் தீவுகளில் நாய்க்கு இரண்டு வேலை. இருட்டினால் குரைக்கவேண்டும், வெளிச்சத்தில் ஆட்டுக்குட்டியைத் துரத்தாமல் இருக்கவேண்டும். கூலி மிச்சச் சோறு. அதுவும் கிணற்றடியில் கழுவி ஊற்றுகிற இடத்தில். நாயைக் குளிப்பாட்டி நடுவீட்டில் வைத்தாலும் என்ற பழமொழியைச் சொல்லுவோமே தவிர, ஒருவரும் குளிப்பாட்டிப் பார்த்தது கிடையாது.

மச்சாள் குளிப்பாட்டினார். நடுவீட்டிலும் வைத்தார்.

அந்த நாய் அவர் தேடிப்போய் வாங்கியதல்ல. மகன் வாகீசன் கொழும்பில் வேலையாயிருந்தபோது வளர்த்த பொமரேனியன். ரொபி என்று பெயர். மகன் குடும்பத்தோடு கனடாவுக்குப் புறப்படுகிற நேரம், "கொஞ்ச நாளைக்குப் பாருங்கோ அம்மா, நான் பிறகு எடுப்பிக்கிறன்" என்று கொண்டுவந்து நயினாதீவில் விட்டுவிட்டுப் போனான். கூடவே ஒரு பை நிறையச் சாப்பாடும், சீப்பும், சவர்க்காரமும். பையில் மாட்டின் படம் போட்டிருந்தது. மச்சாள் அதைக் கண்டதும் மூக்கைப் பொத்திக்கொண்டு இரண்டு விரலால் தூக்கிப்போய் அயலவருக்குக் கொடுத்துவிட்டார்.

இந்த இடத்தில் மச்சாளின் சைவத்தைப் பற்றிச் சொல்லவேண்டும். அந்த வீட்டுக் குசினிக்குள் முட்டைகூட நுழைந்ததில்லை. எங்கள் வீட்டுக்கு வந்தால் தன்னுடைய சட்டி, தன்னுடைய அகப்பை, தன்னுடைய செம்பு எல்லாம் ஒரு பைக்குள் கூடவே வரும். எங்களுக்கோ வெள்ளிக்கிழமையும் விரத நாளும் தவிர மீன் இல்லாமல் சோறு இறங்காது. அதனால் மச்சாள் வந்து நிற்கும் நாட்களில் மீனுக்கு விடுமுறை. செல்வி மச்சச் சட்டியைத் தேய்த்துக் கழுவி, வீட்டுக்குப் பின்னால் இறக்கிய பின்பத்திப் பரணில் ஏற்றிவிடுவாள். மீன் காய்ச்சுகிற சட்டியும் மரக்கறிச் சட்டியும் பக்கத்தில் பக்கத்தில்கூட இருக்கக்கூடாது என்பது மீன் தின்கிற வீடுகளிலேயே சட்டம். சைவக்காரி வந்தால் கேட்கவும் வேண்டுமா?

ஆகவே ரொபியும் சைவமானான். தயிர், பருப்பு, பிட்டு, மரக்கறி. "பரமேசக்காவின்ர சைவ நாய்" என்று நயினாதீவில் பெயராகிவிட்டது. தேங்காய் உடைக்கும் சத்தம் கேட்டால் போதும், குசினி வாசலில் வந்து குந்திவிடுவான்.

உப்புக் குறைந்த பிஸ்கற்

மச்சாளின் கைவேலையை நான் மெல்ல மெல்லத்தான் கவனித்தேன்.

முதலில் அந்தக் கடகம். ஓலை விளிம்பு நாயின் கழுத்தில் குத்தும் என்று, பழைய கூறைச்சேலையின் கரையை வெட்டி விளிம்பைச் சுற்றித் தைத்திருந்தார். உள்ளே மெத்தை, காலஞ்சென்ற தன் கணவர், எங்கள் அத்தானின் வேட்டியில் உறை, இலவம்பஞ்சு நிரப்பியது. மெத்தைக்குக் கீழே தெள்ளுப்பூச்சி வராமல் காய்ந்த வேப்பிலை. அந்த வேப்பிலையை நாய் கிளறக்கூடாது என்று அதற்கும் ஒரு உறை.

பிறகு பந்து. குருத்தோலையில் பின்னி, உள்ளே புளியங்கொட்டை போட்டது. உருட்டினால் கலகலக்கும். கடித்துப் பிய்த்தால் அடுத்த நாள் புதுப் பந்து வந்துவிடும். மழைக்கும் சோளகத்துக்கும் மஞ்சள் துணியில் ஒரு சட்டை. வயிற்றுக்குக் கீழே கட்ட நாடா. கழுத்துப்பட்டி மூன்று சேலைக் கரைகளைப் பின்னல் மாதிரிப் பின்னியது.

சப்பாத்துத்தான் எல்லாவற்றிலும் உச்சம். மத்தியானத்தில் முற்றத்து மணல் சுடும். ரொபி காலை மாற்றி மாற்றித் தூக்குவதைப் பார்த்துவிட்டு, அத்தானின் பழைய சொக்ஸை வெட்டி, அடியில் சைக்கிள் ரியூப் துண்டு வைத்துத் தைத்து நாலு சப்பாத்துச் செய்தார். முதல் நாள் அதைப் போட்டுக்கொண்டு ரொபி நடந்த நடையை நான் நேரில் பார்த்தேன். ஒவ்வொரு காலையும் காதளவுக்குத் தூக்கி, யோசித்து, பிறகு வைத்தான். நான் சிரித்த சிரிப்பில் கதிரை பின்னால் சரிந்தது.

"சிரியும், சிரியும்" என்றார் மச்சாள். "உமக்குச் செருப்பிருக்கு."

நான் சிரிப்பதை நிறுத்திவிட்டேன்.

ஒருநாள் தேத்தண்ணி ஊற்றித் தந்துவிட்டு மச்சாள் கிணற்றடிக்குப் போனார். மேசையில் ஒரு பால்மாப் பேணி. திறந்தால் சின்னச் சின்ன வட்டமாய்ப் பிஸ்கற். மொறுமொறுவென்று நன்றாய்த்தான் இருந்தது. தேத்தண்ணி முடியும்வரை தின்றேன். மச்சாள் வந்ததும், "அக்கா, பிஸ்கற் திறம். உப்புத்தான் காணாது" என்றேன்.

"அது ரொபியின்ர, தம்பி."

அன்றிலிருந்து அந்த வீட்டில் எதையும் கேட்டுவிட்டுத்தான் வாயில் வைப்பேன்.

குரக்கன் மாவை அவித்த பூசினிக்காயோடும் தேங்காய்ப்பூவோடும் பிசைந்து, தட்டி, மருந்துப் போத்தல் மூடியால் வெட்டி, தாச்சியில் வைத்து, மேல் மூடியிலும் தணல் போட்டுச் சுட்டெடுத்தது அந்தப் பிஸ்கற். கடித்துக்கொண்டிருக்க, பனங்கிழங்கை அவித்துக் காயவைத்த புழுக்கொடியல் துண்டு. வெக்கைக்கு, குளிர்சாதனப் பெட்டியில் கட்டியாக்கிய இளநீர். ரொபியின் பிறந்தநாளுக்கு நீத்துப்பெட்டியில் குரக்கன் பிட்டு அவித்து, கவிழ்த்து, மேலே தயிரைப் பூசி, கரட் துண்டில் ஒரு பூ. கனடாவிலிருந்து பேரப்பிள்ளைகள் போனில் பாட்டுப் பாடினார்கள். ரொபி பாட்டு முடியும்வரை பொறுக்கவில்லை.

எனக்கு ஆச்சரியம் என்னவென்றால், இதையெல்லாம் ஒருவரும் அவருக்குச் சொல்லிக்கொடுக்கவில்லை. நாயைப் பார்த்தே படித்தார். எதை முகர்ந்துவிட்டு விடுகிறான், எது பல்லில் ஒட்டுகிறது, எந்தப் பக்கமாய்ப் படுக்கிறான் என்று பார்த்துப் பார்த்து, அடுத்த முறை ஒரு நூல் மாற்றிச் செய்வார். பெரிய கெட்டிக்காரி. வாய்விட்டுச் சொல்லாமல் இத்தனை நாள் இருந்துவிட்டேன், இப்போது சொல்கிறேன்.

வளவில் விட்டுப் போன சோறு

அந்த வீட்டில் முன்னரும் ஒரு நாய் இருந்தது. மண்ணிறம். மணி என்று பெயர்.

சண்டைக்குப் பயந்து தீவுகளை விட்டுச் சனம் எழும்பிய காலத்தில், வள்ளத்தில் ஆட்களுக்கே இடமில்லை. மச்சாள் பெரிய பானையில் சோறு காய்ச்சி, முற்றத்தில் வாழையிலை விரித்து, அவ்வளவையும் கொட்டிவிட்டு, கைக்குழந்தை வாகீசனைத் தூக்கிக்கொண்டு கரைக்கு ஓடினாராம். மணி சோற்றைத் திரும்பியும் பார்க்கவில்லை. பின்னாலேயே வந்து, கழுத்துவரை தண்ணீருக்குள் நின்றது.

வருசங்கள் கழித்துத் திரும்பிவந்தபோது வீட்டுக்குக் கூரை இல்லை. கூரை போட்டார்கள், கதவு போட்டார்கள். நாய் மட்டும் அதன் பிறகு வளர்க்கவில்லை. இதை ஒரேயொரு முறை, ரொபியின் சொக்ஸுக்கு ஊசி கோத்துக்கொண்டிருக்கும்போது என்னிடம் சொன்னார். சொல்லிவிட்டு, "நூல் ஏறுதில்லை, ஒருக்காக் கோத்துத் தாரும்" என்றார்.

"என்ன சாப்பிட்டவன்?"

ஓட்டோ யாழ்ப்பாணத்து மிருக வைத்தியரின் வாசலில் போய் நின்றது. வைத்தியர் இளம் பெண்பிள்ளை. ரொபியின் வயிற்றைத் தடவி, கண் இமையை இழுத்துப் பார்த்துவிட்டுக் கேட்டார்: "நேற்று என்ன அம்மா சாப்பிட்டவன்?"

"நல்ல சாப்பாடுதான் பிள்ளை குடுத்தனான். நேற்று எங்கடை உபயத் திருவிழா. வீட்டிலை புக்கை பொங்கி அம்பாளுக்குப் படைச்சனான். படைச்சாப் பிறகு அவனுக்கும் ஒரு கோப்பை வைச்சனான்."

"புக்கைக்கு என்ன போட்டனீங்கள்?"

"பச்சையரிசி, பயறு, சக்கரை, தேங்காய்ப்பால், கஜு, பிளம்ஸ்." மச்சாளின் குரலில் அந்த நேரத்திலும் ஒரு சின்னப் பெருமை. "அவனுக்குப் பிளம்ஸ் எண்டால் உயிர். என்ர பங்கிலை கிடந்ததையும் பொறுக்கி அவனுக்குத்தான் போட்டனான்."

வைத்தியரின் கை நாயின் முதுகிலேயே நின்றுவிட்டது. நாங்கள் பிளம்ஸ் என்று சொல்வது காய்ந்த முந்திரிகைப் பழத்தை, அதாவது உலர்ந்த திராட்சையை.

"அம்மா, முந்திரிகைப் பழம் நாய்க்கு ஆகாது. சில நாய்களுக்குச் சிறுநீரகத்தை அடிச்சுப்போடும். கனபேருக்கு இது தெரியாது. நீங்கள் அறிஞ்சு குடுக்கேல்லைத்தானே."

மச்சாள் தன் வலது கையைத் திருப்பி, பொறுக்கிப் போட்ட அந்த விரல் நுனிகளைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

முன்னங்காலில் மயிரை வழித்து, ஊசி ஏற்றி, சேலைன் கட்டினார்கள். தினமும் கொண்டுவரவேண்டும் என்றார் வைத்தியர். திருவிழாச் சனத்துக்குள் ஒவ்வொரு நாளும் வள்ளம் ஏறி இறங்க ஏலாது. காரைநகரில் எங்கள் வீட்டிலேயே நிற்பதென்று முடிவாயிற்று. புறப்படும்போது வைத்தியர் இன்னொன்றும் சொன்னார்: "மருந்து என்ர பொறுப்பு. ஆனா அவன் தானாய்ச் சாப்பிட வேணும். சாப்பிட்டால் தப்புவான்."

இந்தக் கை வேண்டாம்

ரொபி சாப்பிடவில்லை.

செல்வி கஞ்சி வடித்தாள், முகத்தைத் திருப்பினான். நான் நகரத்தில் நாய்ப் படம் போட்ட பேணிச் சாப்பாடு வாங்கிவந்தேன், முகர்ந்தும் பார்க்கவில்லை. நான் பக்கத்தில் படுத்துக்கொண்டு, "ஒரு வாய், ராசா, எனக்காக ஒரு வாய்" என்று கெஞ்சினேன். பஸ் மிதிபலகையில் தொங்குகிற பெடியங்களை ஒரு அதட்டில் உள்ளே ஏற்றியவன் நான். ரொபி மரியாதைக்கு என் விரலை ஒரு முறை நக்கிவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டான்.

மச்சாள் விறாந்தையின் அந்த மூலையில் இருந்தார். கடகம் இந்த மூலையில். அவரே தைத்த மெத்தை, அவரே பின்னிய பட்டி, எல்லாம் இருந்தன. அவர் மட்டும் கிட்டப் போகவில்லை. சேலைன் போட்டுக் கூட்டிவர, கடகத்தைக்கூட என்னைத்தான் தூக்கச் சொன்னார்.

"நீங்கள் ஒருக்காக் குடுத்துப் பாருங்கோ அக்கா" என்று செல்வி கேட்டாள்.

"இந்தக் கை வேண்டாம்."

"அடிக்கிற கைதானே அக்கா அணைக்கும்."

"நான் அடிக்கேல்லையே பிள்ளை" என்றார் மச்சாள். "அணைக்கிறன் எண்டு நினைச்சுத்தானே குடுத்தனான்."

செல்வி எழும்பிக் குசினிக்குள் போய்விட்டாள். அவள் மூக்கு உறிஞ்சும் சத்தம் எனக்கு விறாந்தையில் கேட்டது.

ரொபி இளைத்தது மயிருக்குள் தெரியவில்லை. தூக்கினால்தான் தெரிந்தது, சட்டையை மட்டும் தூக்கின மாதிரி இருந்தான். அடுத்த முறை போனபோது வைத்தியர், இரத்தம் பரவாயில்லை, வெறும் வயிறுதான் இனி ஆபத்து என்றார். "மரக்கறி காணாது. ஒரு துண்டு விளைமீனை உப்பில்லாமல் அவிச்சு, சோத்தோடை குழைச்சுக் குடுங்கோ." சொல்லிவிட்டு மச்சாளின் நெற்றித் திருநீற்றைப் பார்த்துக் குரலைத் தணித்தார். "ஆரும் அவிச்சுக் குடுக்கலாம் அம்மா."

செல்வி பரணிலிருந்து மச்சச் சட்டியை இறக்கி, பின்பத்தி அடுப்பில் மீன் அவித்தாள். காற்று வீட்டுப் பக்கம் அடித்தது. மச்சாள் தலைப்பால் மூக்கைப் பொத்தினாரே தவிர ஒன்றும் சொல்லவில்லை. ரொபி அதற்கும் முகத்தைத் திருப்பினான். மறுநாளும் கொண்டுபோனோம். "நாளைக்குள்ளை ஒரு வாயெண்டாலும் சாப்பிடாட்டி, நான் ஒண்டும் செய்ய ஏலாது அண்ணை" என்று வைத்தியர் என்னைத் தனியே கூப்பிட்டுச் சொன்னார். தனியே சொன்னாலும் மச்சாளுக்குக் கேட்டுவிட்டது.

பின்பத்தி அடுப்பில்

அந்த நாளை நயினாதீவில் தேர். இடம்பெயர்ந்திருந்த வருசங்கள் தவிர, மச்சாள் அந்தத் தேரைத் தவறவிட்டதே இல்லை.

காலையில் தோய்ந்து, திருநீறு பூசி, முற்றத்தில் நயினாதீவுத் திக்கைப் பார்த்துக் கைகூப்பிக்கொண்டு நின்றார். நெடுநேரம் நின்றார். தேரை நினைத்துக் கும்பிடுகிறார் என்று நான் நினைத்தேன். நான் ஓட்டோவின் சில்லைக் கழற்றி வைத்துக்கொண்டு பின்பத்திக்குப் பக்கத்தில் இருந்தேன். செல்வி, நப்பாசையில், அன்றைக்கும் ஒரு விளைமீனை வெட்டக் குந்தியிருந்தாள்.

மச்சாள் ஈரத் தலையோடு பின்பத்திக்கு வந்தார். அந்த இடத்தில் அவர் கால் வைத்ததை நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

"தள்ளு செல்வி."

"என்னக்கா?"

"அந்த மச்சச் சட்டியை இஞ்சாலை எடு. நான் அவிக்கிறன்."

செல்வி கத்தியைக் கீழே வைத்தாள். "இண்டைக்குத் தேரெல்லோ அக்கா. உங்களுக்கு விரதம்."

"ஓம்."

"அம்பாளுக்கு என்ன சொல்லுவியள்?"

"சொல்லிப்போட்டுத்தான் வாறன்."

செல்வி விடவில்லை. "நான் அவிச்சுத் தாறன். நீங்கள் கையாலை ஊட்டினாக் காணும்."

"காணாது. என்ர சமையல் மணம் அவனுக்குத் தெரியும். வேறை ஆள் சமைச்சதை நான் நீட்டினால் அவன் ஏமாறமாட்டான். எங்கை பிடிக்கிறது, எங்கை வெட்டுறது எண்டு வாயாலை சொல்லு. கை வைக்காதை."

"வாலிலை பிடியுங்கோ. தலைப் பக்கமாய்ச் சுரண்டுங்கோ."

மச்சாள் மீனின் வாலைப் பிடித்தார். விரல் வழுக்கியது; மறுபடி பிடித்தார். செதில் தெறித்துத் திருநீற்றுக் குறி போட்ட கையில் ஒட்டியது. வயிற்றைக் கிழித்தபோது எழும்பிப் போய் வாழைமரத்தடியில் ஓங்காளித்தார். முகத்தைக் கழுவிக்கொண்டு திரும்பிவந்து, விட்ட இடத்தில் குந்தினார். எனக்கு எழும்பிப் போய்விடவேண்டும் போலவும் இருந்தது, போகவும் மனமில்லை.

அவிந்த மீனைத் தட்டில் கொட்டி, முள் எடுத்தார். அதைத்தான் நான் மறக்கமாட்டேன். எங்கள் வீட்டில் முள்ளைத் தொண்டையில்தான் கண்டுபிடிப்போம். மச்சாள் ஒவ்வொரு இழையையும் பெருவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் இடையில் வைத்துத் தேய்த்தார். மயிர் மாதிரியான முள்ளையும் விடவில்லை. அந்த விரல்களைத்தான் இத்தனை நாளும் வேண்டாம் என்று ஒதுக்கி வைத்திருந்தார்.

பிறகு குழைந்த சோறு, தன் வழக்கப்படி கொஞ்சம் அவித்த பூசினிக்காய். எல்லாவற்றையும் மசித்துச் சுண்டைக்காய் அளவில் உருட்டினார். ஒரு உருண்டையை எடுத்துக் கீழுதட்டில் வைத்தார்.

ரொபிக்கு எதைக் கொடுத்தாலும் சூடு அப்படித்தான் பார்ப்பார். பழக்கத்தில் கை போய்விட்டது. வைத்த பிறகுதான் அது மீன் என்ற நினைவு வந்திருக்கவேண்டும், அப்படியே நின்றுவிட்டார். செல்வி ஓடிப்போய்த் தண்ணீர்ச் செம்பை நீட்டினாள். மச்சாள் வாங்கவில்லை.

"இன்னும் சுடுகுது" என்றுவிட்டு உருண்டையை ஊதத் தொடங்கினார்.

விறாந்தையில் கடகத்துக்குப் பக்கத்தில் சம்மணம் போட்டு இருந்து, கையை நீட்டினார். ரொபி கண்ணைத் திறந்தான். உருண்டையை விட்டுவிட்டு விரல்களை மணந்தான். ஒவ்வொரு விரலாய், உள்ளங்கையை, மணிக்கட்டை. பிறகு ஒரு முறை நக்கினான். பிறகு உருண்டையை வாயில் எடுத்தான்.

அவன் மென்று விழுங்கினான். அடுத்ததை அவர் நீட்டினார். அதற்கடுத்ததற்கு அவனே கடகத்து விளிம்பில் முன்னங்காலை வைத்துக் கழுத்தை நீட்டினான்.

"என்ர குஞ்சு" என்றார் மச்சாள். அத்தனை நாளில் அவனோடு பேசிய முதல் வார்த்தை அது. நான் அழுதேன் என்று செல்வி இன்றும் சொல்லிக்காட்டுகிறாள். அழுதேன்தான்.

சாத்திரம் படித்தவர்களை நான் நிறையக் கண்டிருக்கிறேன். தங்களுக்குத் தேவையென்று வந்தால் ஒரு விலக்குத் தேடிப்பிடித்துவிடுவார்கள். மச்சாள் விலக்கு ஒன்றும் தேடவில்லை. ஒருவரிடமும் உத்தரவு கேட்கவில்லை. தன் விரதத்தையும் விடவில்லை. நாய்க்கு ஊட்டி முடித்துவிட்டு மறுபடி தோய்ந்து, பொழுதுபட ஒரு மிடறு தண்ணீர் குடித்தார். தெய்வத்தோடு அவ்வளவு நேராகப் பேசிக்கொள்ள எனக்குத் துணிவு வந்ததில்லை.

பின்னேரம் வைத்தியர் ரொபியைச் சோதித்துப் பார்த்துவிட்டுக் காலில் இருந்த ஊசியைக் கழற்றினார். "இனிப் பயமில்லை அம்மா. இப்பிடியே குடுத்துக்கொண்டு வாங்கோ" என்றார்.

தீர்த்தத்தன்று காலை

தேருக்கு மறுநாள் தீர்த்தம். விடிந்ததும் ஓட்டோவை வெளியே எடுத்தேன். படலையடியில் மச்சாள் நிற்கிறார். இடுப்பில் ரொபி. ஓட்டோ உறுமியதும், இத்தனை நாள் சத்தமே இல்லாமல் கிடந்தவன் என்னைப் பார்த்துக் குரைத்தான். அரைக் குரைப்புத்தான், ஆனாலும் குரைப்பு.

"அக்கா, வெளிக்கிடுங்கோ" என்றேன். "இப்ப விட்டால் வள்ளத்தைப் பிடிக்கலாம். தீர்த்தத்தையாவது பாருங்கோ. ரொபியைச் செல்வி பாப்பாள்."

"அம்பாள் அங்கைதானே இருப்பா" என்றார் மச்சாள். "நீர் கரைக்குப் போம் தம்பி. நேற்று நீர் கொண்டந்த மீன் கொஞ்சம் பழசு. இண்டைக்குச் செவுளைத் தூக்கி, இரத்தச் சிவப்பாய் இருக்கோ எண்டு பாத்து வாங்கும். உம்மைக் கண்டால் ஏமாத்திப்போடுவாங்கள்."

பால்குடி மறந்த நாளிலிருந்து மீன் தின்கிறவன் நான். அன்று கரையில் கூடை கூடையாய்க் குனிந்து, ஒவ்வொரு விளைமீனாய்ச் செவுளைத் தூக்கிப் பார்த்துத்தான் வாங்கினேன்.